நெருப்புக்குத் தப்பிய சொற்கள்

புதுக்கோட்டை மாவட்டம் திருவரங்குளத்தை அடுத்த தோப்புக்கொல்லையில் ஈழத்தமிழர் முகாம் ஒன்று உண்டு. 1983ஆம் ஆண்டு இனக்கலவரத்தின் பின் தமிழகக் கரையேறியவர்கள் வீட்டையும் நிலத்தையும் விட்டு வந்தனர். மொழியை விட்டு வரவில்லை. அழிவை எதிர்நோக்கும் மக்களுக்குக் கவிதை எதற்கு என்னும் வினா இவ்வாறு நம் அண்டையிலேயே எழுகிறது.

இவ்வினாவை யூத மக்களும் எதிர்கொண்டனர். இரண்டாம் உலகப்போரின்போது வில்னா நகரில் நாஜிகள் யூதரை அடைப்புக் குடியிருப்பில் தள்ளினர். அவர்தம் நூலகங்களைச் சூறையாடி, நூல்களைத் தரம் பிரிக்க யூத அறிஞரையே அமர்த்தினர். ஜெர்மனிக்கு அனுப்பப்படாதவை காகித ஆலைக்குச் சென்றன. அப்பணியிலிருந்த இத்திஷ் மொழிக் கவிஞர்களான ஆபிரகாம் சுட்ஸ்கேவரும் ஷ்மெர்கே கச்செர்கின்ஸ்கியும் ஏடுகளை ஆடைக்குள் மறைத்துக் கொணர்ந்து ஒளித்துவைத்தனர். உயிருக்கே உறுதியற்றோர் நூலைக் காத்தது ஏன்? மொழி அழியின், தாம் வாழ்ந்தமைக்குச் சான்றும் அழியும் என்பதனாலன்றோ!

ஏறத்தாழ 60 இலட்சம் யூதர் மாண்ட அக்கொடுமையோடு பிறிதொன்றைச் சமன்செய்தல் தகாது. ஆயினும் நூலின்மீது கொண்ட பகை ஈழத்திலும் வெளிப்பட்டது. 1981 மே 31 நள்ளிரவையொட்டி யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டது. சுமார் 97,000 நூல்களும் அரிய சுவடிகளும் சாம்பலாயின. அதனைக் கண்ட பன்மொழிப் புலவர் தாவீது அடிகள் அதிர்ச்சியால் உயிர் நீத்தார். எம். ஏ. நுஃமான் தம் 'புத்தரின் படுகொலை' என்னும் கவிதையில் அவ்வழிவைப் புத்தரின் நெறிக்கே நேர்ந்த கொலையாகக் கண்டார். 1985இல் 31 கவிஞரின் 82 கவிதைகள் 'மரணத்துள் வாழ்வோம்' என்னும் தொகுப்பாயின.

எனினும் மாற்றாரின் கொடுமையை மட்டும் பாடுவது முழுச் சான்றாகாது. தம்மவரின் துப்பாக்கியையும் கேள்வி கேட்ட கவிஞர்கள் இருந்தனர். சிவரமணி 1991 மே மாதம் தம் கவிதைகளை எரித்துவிட்டுத் தம் உயிரையும் மாய்த்துக்கொண்டார். தப்பிய சிலவே பின்னர் நூலாயின. அதே ஆண்டு விடுதலைப் புலிகள் பிடித்துச் சென்ற கவிஞர் செல்வி மீண்டு வரவில்லை. பகைவர் எரித்த ஏட்டுக்காக வருந்தும் நாம், அச்சம் எரித்த ஏட்டை மறத்தல் முறையோ?

யாழ் நூலகம் புதுப்பிக்கப்பட்டு 2003இல் மீண்டும் திறக்கப்பட்டது. எரிந்த சுவடிகளோ மீளவில்லை. எஞ்சியிருப்பவை மனிதர் நெஞ்சில் உள்ளவையே. தோப்புக்கொல்லை போன்ற முகாம்களில் முதியோர் நினைவிலுள்ள பாட்டும் கதையும் இன்னும் ஏடேறாத சுவடிகள் அல்லவா? அவர்களுக்கு அரிசியும் ஆடையும் ஈந்ததோடு நம் கடன் தீர்ந்ததென்று எண்ணலாகாது. அவர்கள் அருகமர்ந்து செவிசாய்ப்பதும் நம் கடனே.