ஆர்ச்சி மூர் சொல்ல மறுத்த சொல்

எங்க தாத்தாவுக்கு எழுபது வயசிருக்கும். பண்ணை வீட்டு எட்டு வயசுப் பையன் 'டேய்' போட்டுப் பேர் சொல்லிக் கூப்பிடுவான். தலைத்துண்டை எடுத்துக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு 'சாமீ' என்று ஓடுவார். பள்ளிக்கூடத்தில் வாத்தியார் ஒருத்தர் வருகைப் பதிவில் என் பேரை விட்டுவிட்டு, சாதியைச் சொல்லித்தான் கூப்பிடுவார். நானும் 'உள்ளேன் ஐயா' என்றிருக்கிறேன். அந்தப் பதில் இன்னைக்கும் தொண்டையில் முள்ளாக நிற்கிறது. ஆர்ச்சி மூரைப் பற்றிப் படித்தபோது அந்த முள் அசைந்தது. அதனால் எழுதுகிறேன்.

மூர் மிசிசிப்பி மாநிலத்துக் கறுப்பர். பிறந்த வருஷம் 1913 என்றும் 1916 என்றும் இரண்டு கணக்கு உண்டு. வளர்ந்தது செயின்ட் லூயிஸ் நகரத்தில், உறவினர் வீட்டில். சிறுவயதில் டிராம் வண்டியில் காசு திருடிச் சீர்திருத்தப் பள்ளிக்குப் போனவர். 1930களின் நடுவில் தொழில்முறைக் குத்துச்சண்டைக்கு வந்தார். வெகு சீக்கிரமே எல்லோரும் பயப்படுகிற ஆளானார். வினையே அதுதான். நன்றாகச் சண்டை போடுகிற கறுப்பனோடு மோதிப் பட்டத்தை இழக்க யாருக்கும் மனசில்லை. மூரைப் போல ஒதுக்கப்பட்ட கறுப்பு வீரர்கள் தங்களுக்குள்ளேயே திரும்பத் திரும்ப மோதிக்கொண்டு கிடந்தார்கள்.

பட்டத்துக்கான வாய்ப்பு 1952 டிசம்பர் 17ல்தான் கிடைத்தது. செயின்ட் லூயிஸில் ஜோயி மாக்சிமை வென்று லைட் ஹெவிவெயிட் உலக சாம்பியன் ஆனார். தோற்ற மாக்சிமுக்கு உத்தரவாதத் தொகை ஒரு லட்சம் டாலர். ஜெயித்த மூருக்கு 800 டாலர். கூலிக் கணக்கு எல்லா ஊரிலும் ஒரே மாதிரிதான் போலிருக்கிறது.

1955ல் ராக்கி மார்சியானோவை இரண்டாவது சுற்றில் கீழே தள்ளினார், கடைசியில் தோற்றார். 1958 டிசம்பரில் மாண்ட்ரியலில் இவோன் டுரெல் முதல் சுற்றிலேயே மூன்று தடவை இவரைச் சாய்த்தார். எழுந்து நின்று பதினோராம் சுற்றில் ஜெயித்தார். அந்தச் சண்டைக்குப் பிறகு மூரின் பேர் நாடெங்கும் பரவியது.

ஹாலிவுட் கூப்பிட்டது. மார்க் ட்வைனின் ஹக்கிள்பெரி ஃபின் கதையை சாமுவேல் கோல்ட்வின் ஜூனியர் தயாரித்தார், மைக்கேல் கர்டிஸ் இயக்கினார். 1960ல் படம் வெளிவந்தது. மூருக்கு ஜிம் வேஷம். ஆண்டையிடமிருந்து தப்பி ஓடி, ஒரு வெள்ளைக்காரச் சிறுவனோடு மிசிசிப்பி ஆற்றில் தெப்பத்தில் போகிற அடிமை. அந்த ஆற்றோரத்தில் பிறந்து வளர்ந்த மனிதனுக்கு அந்த ஆற்றிலேயே அடிமை வேஷம்.

நாவலில் கறுப்பரை இழிவாகச் சொல்லும் அந்தச் சொல் இருநூறு தடவைக்கு மேல் வரும். இங்கே அதை எழுத எனக்கும் விருப்பமில்லை. மூர் அந்தச் சொல்லைச் சொல்ல மாட்டேன் என்றார். திரைக்கதையிலிருந்து அதை எடுக்க வைத்தார். ட்வைன் அடிமை முறையைத் தோலுரிக்கத்தான் அப்படி எழுதினார் என்று இலக்கியவாதிகள் வாதாடுவார்கள். வாதாடட்டும். புத்தகத்தில் அதைப் படிக்கிறவன் வேறே. காமிரா முன்னால் நின்று தன் இனத்தையே அந்தச் சொல்லால் சொல்ல வேண்டியவன் வேறே.

அவருடைய ஜிம்மைப் பலரும் பாராட்டினார்கள். அதற்குப் பிறகு என்ன கொடுத்தார்கள்? 1964ல் 'கார்பெட்பேக்கர்ஸ்' படத்தில் பணக்காரன் வீட்டு வேலைக்காரன். 1966ல் பில்லி வைல்டர் படமொன்றில் ஒரு கறுப்பு விளையாட்டு வீரனின் அப்பா. 1975ல் 'பிரேக்ஹார்ட் பாஸ்' படத்தில் ரயிலில் சமையல்காரன். வெள்ளைக்கார மேக்ஸ் பேயர் 1933ல், சாம்பியன் ஆவதற்கு முன்னாலேயே, குத்துச்சண்டை வீரனாகவே கதாநாயகனாக நடித்துவிட்டார். மூர் உலக சாம்பியன். அவருக்கு அடிமை, வேலைக்காரன், சமையல்காரன்.

மூர் புரட்சிக்காரர் இல்லை. 1967ல் கறுப்பர் கலவரங்களைக் கண்டித்து எழுதினார். அதில் எனக்கு உடன்பாடில்லை. ஆனால் அவர் நடத்திய மறுப்பைச் சின்னதாக எண்ண முடியாது. 1960 பிப்ரவரியில் கிரீன்ஸ்பரோவில் நாலு கறுப்பு மாணவர்கள் வெள்ளையருக்கு மட்டுமான உணவு மேசையில் உட்கார்ந்து எழ மறுத்தார்கள். அவர்கள் ஓரிடத்தை விட்டு எழ மறுத்தார்கள். மூர் ஒரு சொல்லை வாயில் வாங்க மறுத்தார்.

இன்னொன்றும் யோசிக்க வேண்டியிருக்கிறது. மூரால் எப்படி மறுக்க முடிந்தது? படம் இல்லையென்றாலும் அவருக்குச் சோறு இருந்தது. இடுப்பில் பட்டம் இருந்தது. பட்டம் இல்லாத கறுப்பு நடிகன் எத்தனை பேர் அந்தச் சொல்லை விழுங்கிக்கொண்டு நடித்திருப்பான்? வகுப்பறையில் 'உள்ளேன் ஐயா' சொன்ன பத்து வயசுப் பையனுக்கு என்ன பட்டம் இருந்தது? பக்கத்து பெஞ்சில் ஒருத்தன் எழுந்திருந்தால், வெளியில் கேட்க ஒரு சங்கம் இருந்திருந்தால், அவனும் வாயை மூடிக்கொண்டு நின்றிருப்பான். தனியாளாக மறுக்கிறதுக்குச் சாம்பியனாக இருக்க வேண்டியிருக்கிறது. சாம்பியனாக இல்லாதவர்களுக்கும் அந்த மறுப்பு கைகூட வேண்டும். அதுக்குத்தான் அமைப்பு.