அண்ணாமலையும் அழற்கதையும்

திருவண்ணாமலை பண்டு எரிமலையாய் இருந்து அவிந்ததென்றும், அந்நினைவே அழற்றூண் கதையாயிற்றென்றும் கூறுவார் உளர். யாமும் சில்லாண்டு வகுப்பறையில் அவ்வாறே உரைத்தோம். அக்கூற்றை ஈண்டுத் திரும்பப் பெறுகின்றோம்.

ஏறத்தாழ 800 மீட்டர் உயர்ந்த இம்மலை, அண்மையிலுள்ள செஞ்சிக் குன்றுகளைப் போலவே, நிலத்தின் ஆழத்தே உருவாகி இறுகிய பழம்பாறையாகும். வடதமிழகத்தின் இத்தகு பாறைகள் ஏறத்தாழ 250 கோடி ஆண்டு மூப்புடையன என்பர் நிலநூலார். மேல்மூடியிருந்த நிலத்தை மழையும் வெயிலும் நெடுங்காலம் அரித்து அகற்றவே, வலிய பாறை எஞ்சி நின்றது. வெடிப்புகளில் நீர் புகுந்து முனைகளைத் தேய்த்தமையின் உருண்டைப் பாறைகள் தோன்றின. எரிமலை வாய் இங்கு இல்லை. இருந்ததெனக் கொள்ளினும், பாறை பிறந்த காலத்து மாந்தரே இலர். அதனை எவர் நினைவு காத்தது?

ஏழாம் நூற்றாண்டினராகிய ஞானசம்பந்தர் தம் அண்ணாமலைப் பதிகத்தில் அழலைப் பாடுகின்றார். ஆயின் இறைவன் வடிவாகவே பாடுகின்றார். மலையைக் காட்டுமிடத்தோ, முழவென அதிரும் அருவியையே காட்டுகின்றார். மலையைச் செதுக்கிய நீரின் ஒலி அது. செங்கத்துப் பக்கத்து நவிரமலைக்கு வழி கூறும் மலைபடுகடாமும், பாசி படர்ந்து அடி தளர்க்கும் இடங்களைச் சுட்டி எச்சரிக்கின்றது. கார்த்திகை மழையில் இம்மலைகளில் ஏறியோர்க்கு அவ்வடிகளுக்கு உரை வேண்டா.