வனாத்தமுல்லைச் சதுப்பில் எழுந்த ஓவல்

கொழும்புத் தமிழரின் இடம் எது என்று கேட்டால் வெள்ளவத்தை, பம்பலப்பிட்டி, கொட்டாஞ்சேனை என்றுதான் பதில் வரும். ஆனால் 125 ஆண்டுகளுக்கு மேலாகத் தமிழ் என்ற பெயரைச் சுமந்து நிற்கும் விளையாட்டுக் கழகம் இந்த மூன்றிலும் இல்லை. பம்பலப்பிட்டிச் சந்தியில் பௌத்தாலோக மாவத்தைக்குத் திரும்பி நேரே போனால் பொரளை வரும். அதற்கு அப்பால் வனாத்தமுல்லை. தமிழ் யூனியன் கிரிக்கெட், மெய்வல்லுநர் கழகமும் அதன் பி. சரவணமுத்து மைதானமும் இருப்பது அங்கேதான். எங்கள் பக்கத்துப் பிள்ளைகள் பலர் அந்த மைதானத்தைத் தொலைக்காட்சியில் மட்டுமே பார்த்திருக்கிறார்கள். அதைக் கட்டியது யார், ஏன் கட்டினார்கள் என்று சொல்லக்கூடிய பெரியவர்கள் வீடுகளில் குறைந்துகொண்டே வருகிறார்கள்.

கழகம் பிறந்தது 1899இல். கொழும்பில் அதற்கு முன்பே கிரிக்கெட் வேரூன்றிவிட்டது. 1832இல் தொடங்கிய கொழும்பு கிரிக்கெட் கழகம் வெள்ளைக்காரருக்கு உரியது. நாட்டவர் அங்கே உறுப்பினராக முடியாது. ஆகவே ஒவ்வொரு சமூகமும் தனக்கென்று ஒரு கழகத்தை அமைத்துக்கொண்டது. மலாயர் 1872இல் தொடங்கினார்கள், பரங்கியர் 1896இல். சிங்கள விளையாட்டுக் கழகமும் தமிழ் யூனியனும் 1899 என்ற ஒரே ஆண்டில் தோன்றின. சோனகர் 1908இல் வந்து சேர்ந்தார்கள். இன்று இந்தப் பெயர்களைக் கேட்பவர்களுக்கு இது பிரிவினையாகத் தோன்றலாம். அன்றைக்கு அது அப்படியல்ல. வெள்ளையர் கதவை மூடியபோது ஆளுக்கொரு திண்ணை போட்டுக்கொண்டார்கள். சனி, ஞாயிறுகளில் ஒருவர் திண்ணைக்கு மற்றவர் போய் ஆடினார்கள்.

ஆடியவர்கள் கூலிக்கு ஆடவில்லை. அரசாங்கக் கந்தோர்களிலும் வணிக நிறுவனங்களிலும் வேலை பார்த்தவர்கள், சட்டத்தரணிகள், வைத்தியர்கள். இங்கிலீஷ் படிப்போடு மட்டையையும் பள்ளிக்கூடத்தில் பிடிக்கக் கற்றவர்கள். முதல் பல ஆண்டுகள் அவர்களுடைய ஆட்டம் பொரளைப் பக்கத்துக் கேம்பல் பார்க்கில் நடந்தது. சொந்த மைதானம் என்ற கனவு நிறைவேற ஒரு மனிதர் வரவேண்டியிருந்தது.

அவர்தான் பாக்கியசோதி சரவணமுத்து. பிறந்தது 1892இல். சிவில் சேவை உத்தியோகத்தர். தேயிலை, இறப்பர் கட்டுப்பாட்டுப் பொறுப்பில் இருந்தவர். அவருடைய குடும்பத்தைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல் போகமுடியாது. சகோதரர் வைத்தியர் இரத்தினசோதி சரவணமுத்து 1937இல் கொழும்பு மாநகரின் மேயரானார். இரத்தினசோதியின் மனைவி நேசம் சரவணமுத்து 1932இலேயே கொழும்பு வடக்கிலிருந்து அரசாங்க சபைக்குத் தெரிவானார். கொட்டாஞ்சேனை வாக்காளரும் சேர்ந்து அனுப்பிய பெண் உறுப்பினர் அவர். இன்னொரு சகோதரரான மாணிக்கசோதி பினாங்கில் பத்திரிகை ஆசிரியராக இருந்தார். 1941 டிசம்பரில் ஆங்கிலேயர் பினாங்கைக் கைவிட்டு ஓடியபோது அங்கே பறந்த பிரித்தானியக் கொடியை இறக்கியவர் அவர்தான். பொறுப்பைத் தாமாக எடுத்துத் தலையில் போட்டுக்கொள்ளும் குடும்பம் இது.

பாக்கியசோதி எடுத்த பொறுப்பு வனாத்தமுல்லைச் சதுப்பு நிலம். நல்ல நிலமெல்லாம் கறுவாத்தோட்டத்துப் பக்கம் போய்விட்ட நகரத்தில், நீர் தேங்கி நின்ற தாழ்நிலத்தை மேடாக்கி 1940களின் முற்பாதியில் மைதானமாக்கினார்கள். அதற்குக் கொழும்பு ஓவல் என்று பெயர் வைத்தார்கள். கழகப் பெயரையும் சமூகப் பெயரையும் விட்டு ஊரின் பெயரை வைத்ததை நான் பெரிதாக எண்ணுகிறேன். 1945இல் இந்திய அணி வந்து இலங்கையோடு அங்கே ஆடியது.

1948 மார்ச் 27ஆம் திகதி கப்பலில் இங்கிலாந்துக்குப் போகும் வழியில் டொன் பிராட்மனின் அவுஸ்திரேலிய அணி கொழும்பில் இறங்கி ஓவலில் ஒருநாள் ஆட்டம் ஆடியது. இலங்கைக்குத் தலைமை தாங்கியவர் தமிழ் யூனியனின் மகாதேவன் சதாசிவம். பிராட்மன் எடுத்தது 20 ஓட்டங்கள். ஆடும்போதே அவுஸ்திரேலியருக்கு ஏதோ சரியில்லை என்று பட்டது. அளந்து பார்த்தால் 22 யார் இருக்கவேண்டிய ஆடுகளம் 20 யார்தான் இருந்தது. மழை வந்து ஆட்டம் முடிவில்லாமல் போனது. உலகத்தின் மிகப் பெரிய துடுப்பாட்ட வீரர் கொழும்பில் கடைசியாக ஆடியது இந்த மைதானத்தில்தான்.

சதாசிவத்தைப் பற்றியும் சொல்லவேண்டும். 1947இல் சென்னை சேப்பாக்கத்தில் தென்னிந்திய அணிக்கு எதிராக அவர் அடித்த 215 ஓட்டங்களை அந்தத் தலைமுறைக் கிரிக்கெட் ரசிகர்கள் கடைசிவரை பேசினார்கள். பின்னாளில் சிங்கப்பூருக்கும் மலாயாவுக்கும் அவர் தலைமை தாங்கினார். மூன்று நாட்டு அணிகளுக்குத் தலைவராக இருந்தவர் கிரிக்கெட்டில் வேறு யாராவது இருந்தால் அது மிக அபூர்வம்.

1948இல் இலங்கைக் கிரிக்கெட் கட்டுப்பாட்டுச் சபை அமைந்தபோது அதன் முதல் தலைவர் சரவணமுத்து. இரண்டே ஆண்டுகளில், 1950இல், அவர் காலமானார். அதன்பின் கழகங்களுக்கிடையிலான முதன்மைப் போட்டிக்கே அவர் பெயர் சூட்டினார்கள். சரா கிண்ணம் என்று நாடு முழுக்க அறியப்பட்டது அது. ஓவலுக்கு அவர் பெயர் வந்தது 1977இல்.

இலங்கை டெஸ்ட் நாடாகியபோது முதல் போட்டிக்குத் தேர்ந்த இடம் இந்த மைதானம். 1982 பெப்ரவரி 17ஆம் திகதி பந்துல வர்ணபுரவின் அணி கீத் பிளெட்சரின் இங்கிலாந்தை எதிர்கொண்டது. பள்ளி மாணவனாக இருந்த அர்ஜுன ரணதுங்க 54 ஓட்டங்கள் எடுத்து நாட்டின் முதல் டெஸ்ட் அரைச்சதத்தைப் பதிவு செய்தார். இரண்டாவது இன்னிங்ஸில் 3 விக்கெட்டுக்கு 167 என்று நின்ற அணி 175க்குள் சுருண்டது. ஜோன் எம்புரி 33 ஓட்டங்களுக்கு 6 விக்கெட் எடுத்தார். 7 விக்கெட்டால் இங்கிலாந்து வென்றது.

அடுத்த ஆண்டு யூலை. கொழும்பில் தமிழர் வீடுகளும் கடைகளும் எரிந்த அந்த நாட்களின் தீ ஓவலையும் விட்டுவைக்கவில்லை. பெயர்ப்பலகையை மாற்றி உயிர் பிழைத்த நிறுவனங்கள் இந்த ஊரில் உண்டு. அவற்றைக் குறைசொல்ல எவருக்கும் உரிமையில்லை. தமிழ் யூனியன் தன் பெயரை மாற்றவில்லை. இரண்டு ஆண்டுகள் கழித்து, 1985 செப்டெம்பர் 11ஆம் திகதி, துலீப் மெண்டிஸின் இலங்கை அணி கபில்தேவின் இந்தியாவை 149 ஓட்டங்களால் வென்றது. இலங்கையின் முதல் டெஸ்ட் வெற்றி. கிடைத்த இடம் இதே மைதானம்.

கண்டி அந்தோனியார் கல்லூரியிலிருந்து வந்த முத்தையா முரளிதரன் ஆடியதும் தமிழ் யூனியனுக்கே. உபுல் சந்தன, ரங்கன ஹேரத், சுரங்க லக்மால் எல்லோரும் அதே கழகத்தார். 2015–16 பருவத்தில் நாட்டின் முதன்மைக் கழகப் பட்டம் தமிழ் யூனியனுக்குக் கிடைத்தபோது, அதற்கு முந்தையது 1950–51இல் வென்றது என்பதை நினைவுகூர்ந்தவர்கள் மிகச் சிலர். சமூகத்துக்கென்று தொடங்கிய கழகம் நாட்டுக்கென்று ஒரு மைதானத்தைக் கொடுத்து, எல்லாச் சமூகத்து இளைஞரையும் தன் பெயரில் ஆடவைத்தது. கொழும்புத் தமிழர் இந்த நாட்டுக்குச் செய்த கொடைகளில் இதற்கு முன்வரிசையில் இடம் உண்டு என்பது என் முடிவான கருத்து.

இந்த வரலாறு தமிழில் முழுமையாக எழுதப்படவேண்டும். வெள்ளவத்தையிலோ பம்பலப்பிட்டியிலோ கொட்டாஞ்சேனையிலோ உங்கள் வீட்டு அலுமாரியில் பழைய அணிப் புகைப்படம், ஓட்டப் பதிவேடு, உறுப்பினர் அட்டை ஏதும் கிடந்தால் எறிந்துவிடாதீர்கள். படத்தின் பின்புறம் பெயர்களையும் ஆண்டையும் எழுதிவைத்து, கழகத்திடமோ ஒரு நூலகத்திடமோ பிரதி கொடுங்கள். பிள்ளைகளையும் ஒரு கழகப் போட்டிக்கு வனாத்தமுல்லைக்கு அழைத்துச் செல்லுங்கள்.