எல்லையில் பிளவுண்ட பெயர்: நெய்யாற்றின்கரை முதல் விளவங்கோடு வரை கழுகின் வரலாறு

2017 நவம்பர் இறுதியில் ஒக்கிப் புயல் தென்கோடிக் கரையைத் தாக்கியது. பொழியூரிலிருந்தும் நீரோடியிலிருந்தும் கடலுக்குச் சென்ற பலர் திரும்பவில்லை. அந்தத் துயரின் நடுவே கன்னியாகுமரி மாவட்டத்தில் பெரிய கரிய பறவையொன்று மீட்கப்பட்டது. அது சினேரியஸ் பாறு; மத்திய ஆசியாவிலும் அதற்கு வடக்கேயும் இனம்பெருக்கி, குளிர்காலத்தில் வட இந்தியாவுக்கு வலசை வரும் இனம். வனத்துறை அதனைப் புலியூர்க்குறிச்சியிலுள்ள உதயகிரிக் கோட்டைப் பூங்காவில் வைத்துப் பேணியது. அதற்கு ‘ஒக்கி’ என்றே பெயரும் அமைந்தது. ஏறத்தாழ ஐந்தாண்டுகளுக்குப் பின், 2022 நவம்பரில், சாலைவழியே சென்னைக்கும் அங்கிருந்து விமானத்தில் ஜோத்பூருக்கும் அது கொண்டுசெல்லப்பட்டது. குளிர்காலத்தில் அவ்வினம் திரளும் நிலப்பகுதி அது.

திருவிதாங்கூர்ப் படையை உருவாக்கிய டி லனாயின் கல்லறை அமைந்த கோட்டைக்குள் ஒரு வடநாட்டுப் பாறு ஐந்தாண்டு வாழ்ந்தது என்பதே வியப்புக்குரியது. எனினும் இப்பதிவின் பொருள் வேறு. அப்பறவையை எந்தப் பெயரால் சுட்டுவது?

பாறசாலையிலிருந்து உதயகிரிக் கோட்டை 30 கி.மீ. தொலைவுக்குள்தான் இருக்கிறது. ஆனால் இடையில் ஒரு மொழியெல்லை கிடக்கிறது. மலையாளத்தில் அப்பறவை ஐயமின்றிக் ‘கழுகன்’. அம்மொழியின் பறவை நூல்களில் வெண்முதுகுப் பாறு ‘சுட்டிக்கழுகன்’; மஞ்சள்முகப் பாறு ‘தோட்டிக்கழுகன்’. வேட்டையாடும் பெரும்பறவைகளோ ‘பருந்து’ என்ற சொல்லின் கீழ் அடங்குகின்றன. இன்றைய பொதுத்தமிழில் நிலைமை தலைகீழ். ‘கழுகு’ என்றதும் நம் மனத்தில் எழுவது வானாளும் வேட்டைப்பறவை. பிணந்தின்னும் பறவையைச் சொல்ல வேண்டுமாயின் ‘பிணந்தின்னிக் கழுகு’ என அடைமொழி சேர்க்கிறோம். வெண்வயிற்றுக் கடற்கழுகு பூவாறு பொழிமுகத்தில் ‘கடல்பருந்து’. சில கல் தொலைவு கிழக்கே நகர்ந்தால் ‘கடற்கழுகு’. இன்னும் நுட்பமான சிக்கலும் உண்டு. தமிழில் ‘கரும்பருந்து’ என்பது ஊர்ப்புறங்களில் குப்பைமேட்டின்மேல் வட்டமிடும் பறவை. மலையாளத்தின் ‘கரிம்பருந்து’ மலைக்காடுகளில் வாழும் கருங்கழுகு. ஒரே சொல், ஒரே பொருட்பகுப்பு, இருவேறு உயிர்கள்.

இப்பிளவு பழமையானதன்று என்பதே என் கருத்து. சங்க இலக்கியம் எருவை, பருந்து, எழால் எனப் பல பெயர்களை ஆள்கிறது. பி. எல். சாமியின் புள்ளின விளக்கமும் க. ரத்னத்தின் பறவைப்பெயர்த் தொகுப்பும் அச்செல்வத்தைத் திரட்டிக் காட்டின. தமிழுக்கும் மலையாளத்துக்கும் பொதுவான ‘கழுகு’ என்னும் வேர்ச்சொல் இரு பொருளையும் தாங்கி நின்றது. எப்பொருள் என்பதைச் சூழல் காட்டியது. பின்னர் அச்சும் பாடநூலும் பறவை வழிகாட்டிகளும் தத்தம் மொழியில் ஒரு பொருளை நிலைநிறுத்தின.

இங்குதான் அரசியல் வரலாறு குறுக்கிடுகிறது. 1956 நவம்பர் 1 அன்று விளவங்கோடு, கல்குளம், தோவாளை, அகத்தீசுவரம் ஆகிய வட்டங்கள் சென்னை மாநிலத்துடன் இணைந்தன. நெய்யாற்றின்கரை கேரளத்தில் நின்றது. இரண்டே ஆண்டுகளில், 1958இல், இந்துசூடன் என்னும் புனைபெயர் கொண்ட கே. கே. நீலகண்டனின் ‘கேரளத்திலே பக்ஷிகள்’ வெளிவந்தது. மலையாளப் பறவைப்பெயர்களுக்குப் பொதுநிலை வழக்கு உருவானதில் அந்நூலின் பங்கு பெரிது. அந்நூலைப் படித்து வளர்ந்த பாறசாலை மாணவனும், தமிழ்ப் பாடநூல் படித்து வளர்ந்த களியக்காவிளை மாணவனும் ஒரே வானத்தைப் பார்த்து வெவ்வேறு பறவைகளைச் சொல்லத் தொடங்கினர்.

அதற்கு முந்தைய அறிவியல் பதிவுகளில் இச்சிக்கல் இல்லை. திருவனந்தபுரம் அருங்காட்சியகத்தின் எச். எஸ். பெர்குசனும் வனத்துறையின் டி. எஃப். பூர்டில்லனும் 1903 முதல் பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழக இதழில் திருவிதாங்கூர்ப் பறவைகளைத் தொகுத்தனர். 1933இல் சாலிம் அலி அருங்காட்சியகத்தின் என். ஜி. பிள்ளையுடன் இச்சமஸ்தானத்தில் கள ஆய்வு செய்தார். அவர்கள் இலத்தீன் பெயரால் எழுதினர். பறவையின் அடையாளம் தெளிவாக நின்றது. ஆயின் அவை சில முகாம்களின், சில மாதங்களின் பதிவுகள். இடைப்பட்ட ஊர்களின் நினைவு மக்கள் வாய்மொழியிலேயே தங்கியது.

இதனால் என்ன கேடு என நண்பர்கள் வினவலாம். கேடு உண்டு. இன்று கேரளத்தில் பாறுகள் கூடமைக்கும் ஒரே பகுதி வயநாடு. தமிழ்நாட்டில் அவற்றின் முதன்மை வாழிடம் மாயாற்றுப் பள்ளத்தாக்கு. கால்நடைகளுக்குச் செலுத்தப்பட்ட டைக்ளோஃபினாக் மருந்தே தெற்காசியப் பாறுகளின் பேரழிவுக்குக் காரணம் என 2004இல் நிறுவப்பட்டது. 2006இல் இந்தியா அதன் கால்நடைப் பயன்பாட்டைத் தடுத்தது. எஞ்சிய பறவைகளைக் காக்க முனைவோர், அவை முன்னர் எங்கெங்கு வாழ்ந்தன என அறிய விரும்புகின்றனர். அதற்கு முதியோரின் நினைவே பெரும் ஆவணம். “இளமையில் கழுகன் கூட்டமாக வரும்” என்று நெய்யாற்றின்கரை முதியவர் சொன்னால் அது பாறுக்கான சான்று. அதனைத் தமிழில் ‘கழுகு’ என்று பெயர்த்துப் படிவத்தில் நிரப்பினால் சான்று மறைந்துவிடும். மறுதலையாக, விளவங்கோட்டில் ஒருவர் கோழிக்குஞ்சைத் தூக்கிய கழுகைப் பற்றிச் சொன்னதை மலையாளத்தில் ‘கழுகன்’ ஆக்கினால், இல்லாத பாறு பதிவேட்டில் பிறந்துவிடும்.

மீட்புப் பணியிலும் இதே இடர். காயமுற்ற பறவைக்காகப் பாறசாலைப் பக்கத்தார் பருத்திப்பள்ளி வனச்சரகத்தின் விரைவு மீட்புக் குழுவை அழைப்பர். எல்லைக்கு இப்பால் அழைப்பு கன்னியாகுமரி வனக்கோட்டத்துக்குச் செல்லும். தொலைபேசியில் கேட்கும் ஒற்றைச் சொல்லைக் கொண்டே எவ்வளவு பெரிய கூண்டு, எவ்வகை உணவு எனத் தீர்மானிக்க வேண்டியுள்ளது.

அண்மை ஆண்டுகளில் தமிழ்ச் சூழலியலாளர் ‘பாறு’ என்னும் பழஞ்சொல்லை மீட்டெடுத்துள்ளனர், அருளகத்தின் சு. பாரதிதாசன் போன்றோரின் உழைப்பு இதில் குறிப்பிடத்தக்கது. கிர் காட்டுப் பாறுகளை ஆராய்ந்த ராபர்ட் கிரப் பின்னாளில் நாகர்கோவிலை மையமாகக் கொண்டு பணியாற்றினார் என்பதையும் இங்கு நினைவுகூர்தல் தகும். பாறு பற்றிய அறிவு இம்மண்ணுக்கு அயலானதன்று.

ஆயினும் எல்லை ஊர்களில் கள ஆய்வு செய்யும் மாணவர்க்கு என் வேண்டுகோள் ஒன்றே. பெயரைக் கேட்டவுடன் எழுதிவிடாதீர்கள். சொன்னவரின் பள்ளிமொழி எது எனக் குறியுங்கள். தலையும் கழுத்தும் இறகற்றிருந்தனவா எனக் கேளுங்கள். அது செத்த மாட்டுக்கு வந்ததா, உயிருள்ள கோழிக்குஞ்சுக்கு வந்ததா எனக் கேளுங்கள். சொல்லைச் சொன்னபடியே, அவர் ஒலித்த வடிவிலேயே பதியுங்கள். மொழிபெயர்ப்பைப் பின்னர் செய்துகொள்ளலாம். அந்நினைவுகளை உடைய தலைமுறைக்கு இன்று எழுபது வயது கடந்துவிட்டது.