இளையது மூத்ததில் கரையும்: ஃபை எப்சிலான் பை சங்கத்தின் முடிவும் யூத மாணவர் சங்கங்களின் இணைப்பு வரிசையும்

ஃபை எப்சிலான் பை என்னும் மாணவர் சங்கம் 1904 நவம்பரில் நியூயார்க் சிட்டி கல்லூரியில் தோன்றியது. 1970இல் ஜீட்டா பீட்டா டௌ என்ற மற்றொரு சங்கத்தோடு இணைந்து, தன் பெயரையும் சின்னத்தையும் இழந்தது. அமெரிக்கக் கல்லூரி வளாகங்களில் 'ஃபிரட்டர்னிட்டி' என்று அழைக்கப்படும் இத்தகைய சங்கங்கள் நூற்றுக்கணக்கில் தோன்றியிருக்கின்றன, மறைந்தவையும் ஏராளம். ஆயினும் இந்தச் சங்கத்தின் முடிவுக்கு வழக்கமாகக் கூறப்படும் காரணம் பாதிக் கதையைத்தான் சொல்கிறது. யூத மாணவர்களை மற்றச் சங்கங்கள் சேர்க்க மறுத்ததால் யூதர்கள் தமக்கெனச் சங்கம் கண்டார்கள். மறுப்பு நீங்கியதும் தேவையும் நீங்கியது என்பதே அந்த விளக்கம். சங்கங்கள் ஏன் மெலிந்தன என்பதை இது விளக்கும். மெலிந்தவற்றுள் எது எதில் கரைந்தது என்பதை விளக்காது. அந்த இரண்டாவது கேள்வியே இக்கட்டுரையின் பொருள்.

மறுப்பு உண்மையானது, எழுத்திலேயே இருந்தது. 1776இல் வில்லியம் அண்ட் மேரி கல்லூரியில் ஃபை பீட்டா கப்பாவுடன் தொடங்கிய கிரேக்க எழுத்து மரபு, 19ஆம் நூற்றாண்டில் மாணவர் வாழ்க்கையின் மையமாக வளர்ந்தது. தங்கும் வீடு, உணவு மேசை, நடன விருந்து, படிப்பு முடிந்தபின் வேலைக்கான சிபாரிசு எல்லாம் சங்கத்தின் வழியாகவே வந்தன. வெளியே நின்றவனுக்கு இவற்றில் ஒன்றும் கிட்டவில்லை. ஃபை டெல்டா தீட்டா போன்ற பெரிய சங்கங்களின் விதிகளில் 'ஆரிய இரத்தம்' உறுப்பினர் தகுதியாகவே எழுதப்பட்டிருந்தது. ஃபை டெல்டா தீட்டாவில் அந்த விதி 1954இல்தான் நீக்கப்பட்டது. எழுதி வைக்காத சங்கங்களும் அதையே கடைப்பிடித்தன. பல்கலைக்கழக நிர்வாகங்களும் பின்தங்கவில்லை. 1922இல் ஹார்வர்டின் தலைவர் லாரன்ஸ் லோவல் யூத மாணவர் எண்ணிக்கைக்கு வரம்பு கட்ட வெளிப்படையாகவே முன்மொழிந்தார். அப்போது அங்கு ஐந்தில் ஒரு பங்குக்கு மேல் யூத மாணவர்கள் இருந்தனர்.

சிட்டி கல்லூரியில் அப்போது கல்விக் கட்டணம் இருக்கவில்லை. கிழக்கு ஐரோப்பாவிலிருந்து வந்து குடியேறிய யூதக் குடும்பங்களின் பிள்ளைகள் அங்கு நிறைந்திருந்தனர். ஃபை எப்சிலான் பை அந்தச் சூழலில் பிறந்தும் யூதச் சங்கம் என்று தன்னை அறிவித்துக்கொள்ளவில்லை. அதன் கொள்கை மதச்சார்பற்றது. நடைமுறையில் உறுப்பினர்கள் யூதர்கள். இந்த இடைவெளி அதற்கு மட்டும் உரியதல்ல. 1895இல் யேல் பல்கலைக்கழகத்தில் தொடங்கிய பை லாம்டா ஃபையும் எல்லா மதத்தாருக்கும் கதவு திறந்திருப்பதாகவே சொல்லிக்கொண்டது. ஜீட்டா பீட்டா டௌ எதிர்த்திசையிலிருந்து வந்தது. 1898 டிசம்பரில், கொலம்பியாப் பேராசிரியரும் அமெரிக்கச் சியோனியக் கூட்டமைப்பின் முதல் தலைவருமான ரிச்சர்ட் காட்ஹைலின் ஊக்கத்தால், பல கல்லூரிகளின் மாணவர்கள் கூடி ஒரு சியோனிய இளைஞர் அமைப்பாக அதைத் தொடங்கினர். எசாயா நூலின் எபிரேய வாசகம் ஒன்றின் முதலெழுத்துகளே அதன் பெயர். சில ஆண்டுகளில் அது கிரேக்க எழுத்துச் சங்கமாக உருமாறியது. பழைய நோக்கம் பின்னுக்குப் போனது. கார்னெலில் 1910இல் தொடங்கிய பீட்டா சாமெக் தன் பெயரில் இருந்த எபிரேய எழுத்தை உதறிவிட்டு, 1920இல் பீட்டா சிக்மா ரோ ஆனது. தம்மை விலக்கியவர்களின் வடிவத்தையே இவை எல்லாம் மேற்கொண்டன. இரகசியச் சடங்கு, சட்டையில் குத்தும் சின்னம், புதியவரைத் தேர்ந்தெடுக்கும் வாக்கெடுப்பு ஆகியவற்றோடு, தேர்ந்தெடுக்காமல் விடும் உரிமையும் சேர்ந்தே வந்தது.

அந்த உரிமையை அவை தமக்குள்ளேயே செலுத்தின. மரியான் சனுவா 2003இல் வெளியிட்ட, யூத மாணவர் சங்கங்களின் வரலாறு பற்றிய நூலே இத்துறையின் அடிப்படை ஆய்வு. ஜெர்மானிய வம்சாவளிக் குடும்பங்களின் பிள்ளைகள் ஒரு பக்கம், ரஷ்யாவிலிருந்தும் போலந்திலிருந்தும் அண்மையில் வந்தவர்களின் பிள்ளைகள் மறுபக்கம் என்று யூதச் சங்கங்களுக்குள் இருந்த அடுக்கு அந்த ஆய்வில் தெளிவாகத் தெரிகிறது. உச்சரிப்பு, உடை, தந்தையின் தொழில் எல்லாம் எடைபோடப்பட்டன. ஜீட்டா பீட்டா டௌவின் மூன்று எழுத்துகளையும் பணத்தின் பேரெண்களுக்குச் சுருக்கமாக விரித்து வளாகங்களில் கேலி செய்வார்கள். கேலிக்குப் பின்னால் பொறாமை இருந்தது, மதிப்பும் இருந்தது. ஆனால் சனுவாவின் நூல் 1945உடன் நின்றுவிடுகிறது. அந்த அடுக்கின் பிற்கால விளைவை அதற்குப் பிந்தைய இணைப்புகளிலும் தேட வேண்டும்.

இணைப்புகளை நிரல்படுத்தினால் ஓர் ஒழுங்கு கண்ணில் படுகிறது. 1934இல் ஓமிக்ரான் ஆல்ஃபா டௌ (தோற்றம் 1912) டௌ டெல்டா ஃபையில் (1910) சேர்ந்தது. 1940இல் சிக்மா ஒமேகா சை (1914) ஆல்ஃபா எப்சிலான் பையிலும் (1913), 1941இல் ஃபை பீட்டா டெல்டா (1912) பை லாம்டா ஃபையிலும் (1895) கரைந்தன. 1947இல் சிக்மா டௌ ஃபை (1918) மீண்டும் ஆல்ஃபா எப்சிலான் பைக்கே சென்றது. 1959இல் ஃபை ஆல்ஃபா (1914) ஃபை சிக்மா டெல்டாவுக்குள் (1909) போனது. 1961இல் ராச்செஸ்டரில் பிறந்த கப்பா நியூவை (1911) நம் ஃபை எப்சிலான் பை (1904) ஏற்றுக்கொண்டது. பிறகு ஃபை சிக்மா டெல்டா 1969இலும் ஃபை எப்சிலான் பை 1970இலும் ஜீட்டா பீட்டா டௌவில் (1898) அடங்கின. 1972இல் பீட்டா சிக்மா ரோ (1910) பை லாம்டா ஃபையில் (1895) முடிந்தது. பை லாம்டா ஃபை இடையில் நலிந்து 1908இல் மறுபடி உயிர்பெற்ற சங்கம். அந்த ஆண்டிலிருந்து கணக்கிட்டாலும் வரிசை மாறாது.

ஒன்பது இணைப்புகள், ஒன்பதிலும் இளையது மூத்ததில் கரைந்தது. இதைத் தற்செயல் என்பவர் காசைச் சுண்டி ஒன்பது முறையும் தலையே விழுந்தது என்று நம்ப வேண்டும். அதற்கான வாய்ப்பு 512இல் 1.

காலத்தையும் பார்க்க வேண்டும். முதல் இணைப்புகள் பொருளாதாரப் பெருமந்தத்தின் நிழலில் நடந்தன. மாணவர் கட்டணம் வராவிட்டால் வீட்டு அடமானத்தின் தவணை நின்றுவிடும். இதில் புதிர் ஒன்றும் இல்லை. 1969-72 இணைப்புகள், வியட்நாம் போர் எதிர்ப்புக் காலத்தில் மாணவர்கள் எல்லாச் சங்கங்களிலிருந்தும் விலகிய நாட்களுக்கு உரியவை. ஆனால் 1959, 1961 இணைப்புகள் கல்லூரிகளில் மாணவர் தொகை பெருகிய ஆண்டுகளில் நிகழ்ந்தன. பஞ்சத்திலும் பெருக்கத்திலும் கலகத்திலும் திசை ஒன்றாகவே இருந்திருக்கிறது. எனவே திசைக்கான காரணத்தைக் காலத்தின் நெருக்கடியில் தேடிப் பயனில்லை.

மூத்தது பெரியது, பெரியது சிறியதை விழுங்குவது இயல்புதானே என்று கேட்கலாம். நியாயமான மறுப்பு, ஓரளவு சரியும்கூட. ஆனால் அந்தப் பருமன் எங்கிருந்து வந்தது? முந்தி வந்த சங்கம் மதிப்புமிக்க வளாகங்களில் முதலில் கிளை அமைத்தது. அங்கு படித்த வசதியான பிள்ளைகளைத் தேர்ந்தெடுத்தது. அவர்கள் பழைய மாணவர்களாகி வீடு வாங்கக் கடன் தந்தார்கள். வயது மதிப்பாகவும் மதிப்பு சொத்தாகவும் மாறிய பாதை அது. இணைப்புப் பேச்சில் இரு தரப்பும் உறுப்பினர்களின் தலைகளை மட்டும் எண்ணுவதில்லை. எந்தச் சின்னத்தைக் குத்திக்கொண்டால் வளாகத்தில் தலைநிமிர்ந்து நடக்கலாம் என்றும் பார்க்கிறார்கள். ஆல்ஃபா எப்சிலான் பை இதற்கு நல்ல சோதனை. நாடெங்கும் பரவிய சங்கமாக இருந்தும், தன்னைவிட இளைய இரண்டை ஏற்றுக்கொண்ட அது, மூத்தது எதையும் உள்ளிழுக்கவில்லை.

விலக்கு நீங்கியதே காரணம் என்ற விளக்கத்துக்கும் இங்கே ஓர் இடம் உண்டு. ஆனால் அது இணைப்புக்கு வழிவிட்ட காரணம், தூண்டிய காரணம் அல்ல. விலக்கு ஒரே நாளில் நீங்கிவிடவும் இல்லை. 1948இல் ஆம்ஹர்ஸ்ட் கல்லூரியின் ஃபை கப்பா சை கிளை ஒரு கறுப்பின மாணவரைச் சேர்த்ததற்காகத் தேசியத் தலைமை அந்தக் கிளையையே நீக்கியது. 1953இல் நியூயார்க் மாநிலப் பல்கலைக்கழகம் தன் வளாகங்களில் தேசியச் சங்கங்களின் கிளைகளை மொத்தமாகத் தடைசெய்தது. விலக்கியவரோடு விலக்கப்பட்டவர் கண்ட சங்கங்களும் அந்தத் தடைக்குள் வந்தது அன்றைய விந்தை. 1954இல் ஜீட்டா பீட்டா டௌ தன் விதிகளிலிருந்தும் சடங்குகளிலிருந்தும் மதத் தகுதியை நீக்கியது. 1965இல் கூட்டாட்சிக் கல்வி ஆணையர் பிரான்சிஸ் கெப்பல், பாகுபாடு காட்டும் சங்கங்களை அனுமதிக்கும் கல்லூரிகள் அரசு நிதியை இழக்க நேரிடும் என்று எச்சரித்தார்.

இவற்றுள் 1954 முடிவைத்தான் நான் முக்கியமாகக் கருதுகிறேன். அதுவரை ஃபை எப்சிலான் பைக்கும் ஜீட்டா பீட்டா டௌவுக்கும் இடையே கொள்கையளவில் ஒரு சுவர் இருந்தது: ஒன்று மதச்சார்பற்றது, மற்றது யூதர்க்கானது. சுவர் விழுந்ததும் இரண்டுக்கும் இடையே எஞ்சியது வயதும் மதிப்பும்தான். கொள்கையில் தோற்றவர் உண்மையில் ஜீட்டா பீட்டா டௌவினர். ஃபை எப்சிலான் பை 1904இல் பிடித்த நிலைப்பாட்டுக்கே அவர்கள் அரை நூற்றாண்டு கழித்து வந்து சேர்ந்தார்கள். பெயர் மட்டும் வந்து சேர்ந்தவர்களுடையதாக நின்றது.

இணைப்பு வளாகத்தில் எப்படி இறங்கியது என்பதும் கவனத்துக்குரியது. ஒரே கல்லூரியில் இரு சங்கங்களுக்கும் கிளை இருந்தால் இரண்டு வீடுகளைப் பராமரிக்க முடியாது. ஒன்று கைவிடப்படும், பழைய மாணவர் அறக்கட்டளைகள் சொத்தைப் பற்றிப் பேசித் தீர்க்க வேண்டியிருக்கும். ஃபை எப்சிலான் பையின் ஆவணங்கள் ஜீட்டா பீட்டா டௌவிடம் அல்ல, நியூயார்க்கிலுள்ள அமெரிக்க யூத வரலாற்றுக் கழகத்தில் இருக்கின்றன. யூதச் சங்கம் என்று தன்னை அறிவித்துக்கொள்ளாத ஒன்றின் தாள்களை ஆய்வாளர் இன்று யூத வரலாறு என்ற தலைப்பின் கீழ்தான் கேட்டு வாங்க வேண்டும்.