பூதத்துக்குள்ள இருந்த எழுத்தாளர்

எங்க மணிமுத்தாறு பக்கம் பெரியவங்ககிட்ட ஜாவர் சீதாராமன்னு சொன்னா, "பூதமா வந்தாரே, அவருதானே?"ம்பாங்க. ஆமா, 1967ல் வந்த 'பட்டணத்தில் பூதம்' ஜீபூம்பாதான். ஆனா அந்தப் படத்துக்குத் திரைக்கதை எழுதினதும் அதே பூதம்தான்னு சொன்னா ஆச்சரியப்படுவாங்க. மனுஷனோட தலையெழுத்தே அதுதான். முகம் ஞாபகம் இருக்கு, பேனா மறந்துபோச்சு.

முதல்ல அந்தப் பேருக்கு வருவோம். சீதாராமன் சட்டம் படிச்சவர். விக்டர் ஹ்யூகோவோட நாவலை சுத்தானந்த பாரதியார் 'ஏழை படும் பாடு'ன்னு தமிழாக்கினார். அதே பேர்ல 1950ல் கே. ராம்நாத் இயக்கத்தில் படம் வந்தது. நாகையா கதாநாயகன். அவரை விடாம துரத்துற போலீஸ்காரர் ஜாவர் வேஷம் நம்மாளுக்கு. கதாபாத்திரத்தோட பேர் அப்படியே ஒட்டிக்கிச்சு. பிரெஞ்சு நாவல்ல இருந்து ஒரு தமிழருக்கு இனிஷியல் கிடைச்ச கதை இது ஒண்ணுதான்னு நினைக்கிறேன் :-)

சட்டம் அதுக்கப்புறமும் அவரை விடலை. 1959 'வீரபாண்டிய கட்டபொம்மன்'ல மேஜர் பானர்மேன் அவர்தான். ஜாக்சன் துரை வேற ஆள், அது சி.ஆர். பார்த்திபன். 1799ல் கயத்தாறுல கட்டபொம்மனைத் தூக்குல போட்ட பானர்மேன் எப்படி இருந்திருப்பான்னு எனக்குத் தெரியாது. ஆனா மனசுல வர்ற முகம் சீதாராமன் முகம்தான். சிவாஜி முழங்குற அந்த விசாரணைக் காட்சியில எதிர்ல ஒருத்தர் அசையாம நிக்கணுமே, அது சும்மா இல்லை.

சரி, எழுத்துக்கு வருவோம். 1954ல் ஏவிஎம் எடுத்த 'அந்த நாள்'. கதையும் இயக்கமும் வீணை எஸ். பாலசந்தர், திரைக்கதை, வசனம் சீதாராமன். பாட்டே கிடையாது. துப்பறியுற சி.ஐ.டி. அதிகாரியும் அவரே. 'ரஷோமான்' பாத்து வந்த யோசனைதான், மறுக்கலை. ஆனா அந்த ஜப்பான் படம் உண்மை எதுன்னு கடைசிவரை சொல்லாது. இங்க 1943ல் ஜப்பான்காரன் குண்டு போட்ட மெட்ராஸ், ஒரு தேசத்துரோகம், வீட்டுக்குள்ளயே ஒரு தர்மசங்கடம்னு கதை நம்ம ஊர்ல வேர் விட்டு, ஒரு முடிவுக்கும் வருது. கொன்னது யாருன்னு நான் சொல்லமாட்டேன், பாத்துக்கோங்க.

கமல்ஹாசன் அறிமுகமான 'களத்தூர் கண்ணம்மா' (1960) கதை இவரோடது. 'ஆலயமணி' (1962) வசனமும் இவர்தான். 1965ல் 'குழந்தையும் தெய்வமும்'. ஜெர்மன் எழுத்தாளர் எரிக் கேஸ்ட்னர் 1949ல் எழுதின இரட்டைச் சிறுமிகள் நாவல், 1961ல் டிஸ்னி படமாகி, அங்கிருந்து இவர் கைக்கு வந்தது. பிரிஞ்ச அப்பா அம்மாவைச் சேர்த்துவைக்கிற பிள்ளைங்க. ஜெர்மனியில பொறந்த கதைன்னு படம் பாக்கிறப்ப ஒருத்தருக்கும் தோணாது. அதை நம்ம வீட்டுக்கதையா மாத்தினது குட்டி பத்மினியோட நடிப்பு பாதி, இவர் எழுத்து பாதி.

"எல்லாமே காப்பிதானே?"ன்னு கேக்கலாம். மூலம் வெளியதான். ஆனா இன்னொருத்தன் வீட்டு விதையை வாங்கிட்டு வந்து நம்ம வயக்காட்டுல முளைக்க வைக்கிறதும் விவசாயம்தான். தண்ணி, பக்குவம் தெரியாதவன் போட்டா முளைக்காது. சினிமாவோட நிக்காம, குமுதத்துல 'உடல் பொருள் ஆனந்தி', 'மின்னல் மழை மோகினி'ன்னு தொடர்கதையும் எழுதி வாசகர்களை வாராவாரம் காத்திருக்க வச்சவர் அவர்.

1971ல் காலமாயிட்டார். நடிகனுக்குப் படம் போட்டாப் போதும், முகம் திரும்ப வந்துரும். எழுதினவனுக்கு டைட்டில்ல ஒரு வரி, அதுவும் நாம முறுக்கு வாங்கப் போயிருக்கிற நேரத்துல ஓடிப்போயிரும். அடுத்த தடவை 'அந்த நாள்' பாக்கிறவங்க அந்த ஒரு வரிக்காக அஞ்சு நிமிஷம் முன்னாடியே உக்காருங்க.