சட்டத்துக்குள்ள ஒரு சிக்கிமுக்கிக் கல்

கிறிஸ்துமஸுக்கு மறுநாள் லீவு போடுறவங்க ரெண்டு வகை. வந்த பரிசையெல்லாம் கடையில திருப்பிக் கொடுத்து காசு வாங்கப் போறவங்க ஒரு வகை. பென்சில்வேனியாவில் நான் வேலை பார்த்தப்போ பக்கத்து சீட்டில் ஒருத்தர் இருந்தார், அவர் இன்னொரு வகை. டிசம்பர் 26 அன்னிக்கு விடியுறதுக்கு முன்னாடியே மனுஷன் காட்டுக்குள்ள இருப்பார். எனக்கு ஒண்ணும் புரியலை. ஏன்னா மான் வேட்டை சீசன் அதுக்கு ரெண்டு வாரம் முன்னாடியே முடிஞ்சு போயிருக்கும். தேங்க்ஸ்கிவிங் முடிஞ்ச திங்கட்கிழமை ஆரம்பிக்கிற சமாச்சாரம் அது (2019-ல்தான் சனிக்கிழமைக்கு மாத்தினாங்க). அந்தத் திங்கட்கிழமைக்குப் பல ஊர்களில் பள்ளிக்கூடத்துக்கே விடுமுறை. நம்ம பக்கம் ஆடிப்பெருக்குக்கு உள்ளூர் விடுமுறை விடுற மாதிரின்னு வச்சுக்கோங்களேன்.

கேட்டா, "அது வேற சீசன், இது வேற சீசன்" என்றார். இது கல்லுத் துப்பாக்கி சீசன். சொன்னதோட நிக்காம மாநில விதிமுறையையும் அனுப்பி வச்சார். அதைப் படிச்சதுல வந்த வினைதான் இந்தப் பதிவு.

விதி சொல்றது இதுதான். துப்பாக்கி 1800-க்கு முந்தியதாகவோ அந்த மாதிரியைப் பார்த்துச் செய்த நகலாகவோ இருக்கணும். நீளத் துப்பாக்கின்னா ஒரே குழல், .44 அங்குலத்துக்குக் குறையாத விட்டம். தொலைநோக்கி மாட்டக் கூடாது. அப்புறம் நான் ரெண்டு தடவை படிச்ச வரி: குதிரையின் வாயில் இருக்கும் கல், இயற்கையாகக் கிடைக்கும் கல்லாக இருக்கணும். அது இரும்பில் மோதி, அந்தப் பொறியில்தான் மருந்து பத்தணும். ஏவுகணை வச்சிருக்கிற நாட்டில், ஒரு மாநில அரசு கல்லு எப்படி இருக்கணும்னு சட்டம் எழுதி வச்சிருக்கு. ஏன்?

முதல்ல அந்தத் துப்பாக்கி வேலை செய்யிற விதத்தைச் சொல்லிடறேன், இல்லேன்னா பின்னாடி வர்ற சண்டை புரியாது. குழலோட வாய் வழியா கருமருந்தைக் கொட்டணும். எண்ணெயில் தோய்ச்ச துணித்துண்டு ஒண்ணு, அதுக்கு மேல ஈய உருண்டை. கம்பியால இடிச்சு அடி வரைக்கும் இறக்கணும். குழலுக்குப் பக்கவாட்டில் ஒரு குட்டிக் கிண்ணம். அதுலயும் கொஞ்சம் மருந்து. விசையை இழுத்தா கல்லு இரும்புல உரசும், பொறி பறக்கும், கிண்ணத்து மருந்து பத்திக்கும், அந்த நெருப்பு ஒரு சின்னத் துளை வழியா உள்ளே போய் உள்மருந்தைப் பத்த வைக்கும். எல்லாம் சரியா நடந்தா வெடி. துளை அடைச்சிருந்தாலோ, மருந்து ஈரமா இருந்தாலோ புஸ்வாணம். சரியா நடந்தாலும் கிண்ணத்து நெருப்புக்கும் வெடிக்கும் நடுவுல கண்ணிமைக்கிற நேரம் ஒண்ணு இருக்கு. அந்த நேரத்தில் மான் திரும்பிடும், இல்லே சுடுறவர் கை ஆடிடும்.

இந்தக் கண்ணிமைக்கிற நேரம் ஒரு பாதிரியாரையே பாடாய்ப்படுத்தியிருக்கு. ஸ்காட்லாந்துக்காரர், அலெக்ஸாண்டர் ஃபோர்சைத். ஞாயித்துக்கிழமை பிரசங்கம், மத்த நாள் பறவை வேட்டை. கிண்ணத்து நெருப்பைப் பார்த்ததுமே பறவை தப்பிச்சுடுதேன்னு யோசிச்சு, அடிச்சாலே வெடிக்கிற ரசாயனத்தை வச்சு 1807-ல் காப்புரிமை வாங்கினார். அதுல இருந்து வளர்ந்ததுதான் செப்புத் தொப்பி, அதாவது கேப். தீபாவளிக்கு நாம அடிச்ச பொட்டு வெடியோட தாத்தா. கல்லை விட்டு கேப்புக்கு, கேப்பை விட்டு தோட்டாவுக்குன்னு துப்பாக்கி போயிடுச்சு. பத்தொன்பதாம் நூற்றாண்டு முடியறப்போ வாய்வழி கெட்டிக்கிற துப்பாக்கி அமெரிக்காவில் பரண்ல ஏறியாச்சு. (நம்மூர்க் காடுகளில் அது நாட்டுத் துப்பாக்கிங்கிற பேரில் ரொம்ப காலம் இறங்கவே இல்லை. அது தனிக் கதை.)

அதே சமயம் மானும் கிட்டத்தட்ட காலி. தோலுக்கும் கறிக்கும் சுட்டுச் சுட்டு, 1900 வாக்கில் அமெரிக்கா முழுக்க வெள்ளைவால் மான் சுமார் அஞ்சு லட்சமோ அதுக்கும் கீழயோ இருந்ததா கணக்கு. பென்சில்வேனியா 1895-ல் வேட்டைக்குன்னே ஒரு ஆணையம் அமைச்சுது. 1906-ல் மிச்சிகனிலிருந்து காசு கொடுத்து மான் வாங்கி வந்து காட்டில் விட்டுது! 1907-ல் கொம்பில்லாத மானைச் சுடக் கூடாதுன்னு சட்டம். 1937-ல் மத்திய அரசு துப்பாக்கி மேலயும் தோட்டா மேலயும் ஏற்கெனவே இருந்த வரிக் காசை மாநிலங்களின் வனவிலங்குத் துறைக்கே திருப்பிவிட்டுது. மான் பெருகிச்சு. இன்னிக்கு நாடு முழுக்க சுமார் மூணு கோடி. இப்ப தொல்லையே தலைகீழ்: காரில் மோதுது, தோட்டத்தை மேயுது, காட்டில் புது மரம் முளைக்க விட மாட்டேங்குது.

பரண்ல கிடந்த துப்பாக்கியைச் சில பேர் தூசி தட்டினாங்க. 1933-ல் அவங்களுக்குன்னு ஒரு தேசியச் சங்கம் ஆரம்பிச்சு, இண்டியானாவில் ஃபிரெண்ட்ஷிப்ங்கிற சின்ன ஊரில் போட்டிகள் நடத்த ஆரம்பிச்சாங்க. 1950-களில் டிஸ்னியின் டேவி கிராக்கெட் தொடர் டிவியில் வந்து, பசங்க எல்லாம் வால் வச்ச தொப்பி போட்டுத் திரிஞ்சாங்க. பழசைப் பார்த்துச் செய்த நகல் துப்பாக்கிகள் கடைக்கு வந்தன. 1968-ன் மத்திய சட்டம் இந்த ரகத்தைப் 'பழம்பொருள்' கணக்கில் சேர்த்துட்டதால வாங்கறதும் சுலபம். அந்தச் சட்டத்துப்படி தபாலிலேயே வரவழைக்கலாம். நம்ம நாட்டில் அதே துப்பாக்கிக்கு உரிமம் வாங்க நடையா நடக்கணும், 1972 சட்டத்துக்கு அப்புறம் அதை வச்சு மானைக் குறி பார்த்தாலே கம்பி எண்ணணும்.

இந்த ஆர்வலர்கள் மாநிலங்கள் கிட்ட ஒரு பேரம் பேசினாங்க. 'எங்களுக்குத் தனியா சில நாள் கொடுங்க. ஒரே ஒரு குண்டுதான் எங்க கையில. பாதி நேரம் அதுவும் வெடிக்காது. நாங்க சுடுறதால உங்க மான் கணக்கு கெடாது.' மாநிலங்களுக்கும் இது லாபம்தான். மான் குறையாது, உரிமக் கட்டணம் வரும். பென்சில்வேனியா 1974-ல் தேர்ந்தெடுத்த சில அரசு வேட்டை நிலங்களில் மட்டும் கல்லுத் துப்பாக்கி சீசனை ஆரம்பிச்சுது. கல்லுன்னு ஏன் பிடிவாதம்னா, அமெரிக்காவின் பேர்பெற்ற நீளத் துப்பாக்கி பிறந்ததே பதினெட்டாம் நூற்றாண்டில் அந்த மாநிலத்து லான்காஸ்டர் பக்கம் குடியேறிய ஜெர்மன் கொல்லர்களின் பட்டறையில்தான். (பேர் என்னவோ 'கென்டக்கி' துப்பாக்கின்னு போயிடுச்சு. செஞ்சவன் ஒருத்தன், பேர் வாங்கினவன் ஒருத்தன்!)

மத்த பல மாநிலங்கள் இவ்வளவு யோசிக்கலை. 'வாய் வழியா கெட்டிக்கிற துப்பாக்கி' என்று ஒரு வரி எழுதி விட்டுட்டாங்க. பேரத்தோட உயிர் 'சிரமம்'ங்கிறதுல இருந்தது. சட்டத்தில் எழுதினதோ 'வாய்'.

இந்த இடைவெளியில்தான் டோனி நைட் நுழைஞ்சார். வட மிசௌரிக்காரர், ரயில்வேயில் வேலை, கூடவே துப்பாக்கி ரிப்பேர். கொலராடோவுக்கு எல்க் வேட்டைக்குப் போய் வந்தவங்க, பழைய மாதிரித் துப்பாக்கி மழையில் கழுத்தறுக்குதுன்னு புலம்பினதைக் கேட்டுட்டு 1985-ல் ஒண்ணு செஞ்சார். எம்.கே.-85ன்னு பேர். எம்.கே. அவர் மகளோட பேர். பக்கவாட்டுக் கிண்ணமும் குதிரையும் இல்லை. கேப் நேரா மருந்துக்குப் பின்னாலேயே உட்காரும். நெருப்பு வளையாம நேர்க்கோட்டில் பாயும். ஈரம் புகாது. பின்னாடி அடைப்பைக் கழட்டி குழலை ஈஸியா துடைக்கலாம். பார்க்க அசல் நவீன ரைஃபிள். ஆனா கெட்டிக்கிறது வாய் வழியா! சட்டப்படி குத்தமே இல்லை.

அதுக்கப்புறம் நடந்தது சரசரன்னு நடந்தது. செப்புக் கேப்புக்குப் பதிலா ஷாட்கன் தோட்டாவின் பிரைமர். ஈய உருண்டைக்குப் பதிலா பிளாஸ்டிக் உறை போட்ட கைத்துப்பாக்கி குண்டு. அளந்து கொட்டுற மருந்துக்குப் பதிலா மாத்திரை. ரெண்டு மூணு மாத்திரையை உள்ளே போட்டா முடிஞ்சுது. மேல தொலைநோக்கி. மருந்தே கூட மாறியிருந்தது. கருமருந்துக்கு மாற்றாக 1970-களில் பைரோடெக்ஸ் வந்தது. அதைக் கண்டுபிடிச்ச டான் பாவ்லக் 1977 ஜனவரியில் தன் ஆலையிலேயே நடந்த விபத்தில் இறந்து போனார். கூட வேலை பார்த்தவங்களும். வேட்டைக்காரங்க டப்பாவைத் திறக்கிறப்போ அதை எத்தனை பேர் நினைச்சுப் பார்ப்பாங்களோ. மொத்தத்தில், எழுபத்தஞ்சு நூறு கஜத்துக்கு மேல நம்ப முடியாத ஆயுதம் இருநூறு கஜத்தில் மானைச் சாய்க்க ஆரம்பிச்சுது.

இப்போ மாநிலங்களுக்கு மண்டையிடி. நாம காப்பாத்தினது எதை? சரித்திரத்தையா, சிரமத்தையா, மானையா? ஆளாளுக்கு ஒரு பதில்.

ஐடஹோ முறுக்கிக்கிச்சு. அதோட வாய்வழித் துப்பாக்கி சீசன்களில் ஷாட்கன் பிரைமர் கூடாது, பிளாஸ்டிக் உறை கூடாது, தொலைநோக்கி கூடாது. கொலராடோ நேர்க்கோட்டுத் துப்பாக்கியை ஏத்துக்கிச்சு. ஆனா மாத்திரை, உறை, தொலைநோக்கி எதுவும் அதோட தனி சீசனில் கூடாது, மருந்தை அளந்து கொட்டுன்னு சொல்லிடுச்சு. மிசிசிப்பி எதிர்த்திசையில் ஓடிச்சு. அங்கே மான் எக்கச்சக்கம். 'ஆதிகால ஆயுத சீசன்'னு பேர் வச்சுக்கிட்டு, 2000-களின் நடுவில் பின்பக்கமா தோட்டா போடுற ஒத்தைக்குண்டு ரைஃபிளையும் சேர்த்துக்கிச்சு. குதிரை வெளியே தெரியணுமாம், அவ்வளவுதான். கடைக்காரங்க அதுக்கு விற்ற ரைஃபிள்களில் ஒண்ணு சுடுறது .35 வீலன் தோட்டா. அது 1922-ல் பிறந்தது. எந்த ஆதிகாலமோ!

யூட்டா கதை இன்னும் சுவாரசியம். 2016-ல் பெரிதாக்கிக் காட்டும் தொலைநோக்கியை அனுமதிச்சாங்க. 2024-ல் வாய்வழித் துப்பாக்கி சீசனுக்கு அதை மறுபடி தடை பண்ணிட்டாங்க. எட்டு வருஷத்தில் போன வழியிலேயே திரும்பி வந்துட்டாங்க.

இதுல ஒரு தரப்பைத் திட்டிட்டுப் போறது ஈஸி. நானும் முதல்ல அப்படித்தான் எழுத உட்கார்ந்தேன், 'பேரத்துல ஏமாத்திட்டாங்க'ன்னு. ஆனா நவீனக்காரங்க சொல்றதில் ஒண்ணு மட்டும் தொண்டையில் முள்ளாக நிக்குது. ஈய உருண்டைக்குத் தூரம் போகப் போக வேகம் செத்துடும். தூரத்தைத் தப்பாக் கணிச்சா மான் சாகாது, குண்டை வாங்கிக்கிட்டு ஓடும். நாலு நாள் கழிச்சு எங்கேயாவது புதரில் விழும். உன் சரித்திர ஆசைக்கு மான் ஏன் அவஸ்தைப்படணும்னு கேட்டா என்ன பதில்? பார்வை மங்கின வயசானவங்க தொலைநோக்கி கேட்கிறதும் அதே காரணத்தைச் சொல்லித்தான்.

பழைய ஆளுங்ககிட்டயும் பதில் இருக்கு: கிட்டப் போ. முப்பது நாப்பது கஜத்துக்குள்ள வர்ற வரைக்கும் சுடாதே. வரலேன்னா வீட்டுக்குப் போ. என் ஓட்டு இதுக்குத்தான், ஆனா ஒரு தயக்கத்தோட. இருநூறு கஜம் பாயுற துப்பாக்கி கையில் இருக்கிறவன் முந்நூறில் முயற்சி பண்ண மாட்டான்னு யார் கண்டா? 'வீட்டுக்குப் போ'ங்கிறதை எந்த மாநிலமும் சட்டமா எழுத முடியாது. கல்லைத்தான் எழுத முடியும்.

அந்தக் கல்லையும் விட்டு வைக்கலைங்கிறதுதான் கூத்து. பென்சில்வேனியாவில் முன்னெல்லாம் துணி சுத்தின உருண்டை மட்டும்தான். பிற்காலத்தில் அதைத் தளர்த்திட்டாங்க. அந்த மாநிலத்துக்குன்னே, அதன் பேரிலேயே துப்பாக்கி செஞ்சு வித்தாங்க. ஒரு கம்பெனி 'பி.ஏ. பெல்லட்'னு ஒரு கல்லுத் துப்பாக்கி கொண்டு வந்துச்சு. குதிரையில் கல்லு இருக்கு, கிண்ணம் இருக்கு, உள்ளே போறது மாத்திரை! நேர்க்கோட்டுத் துப்பாக்கிக்காரங்களுக்கு 2000-களின் தொடக்கத்தில் அக்டோபரில், கொம்பில்லாத மானுக்கு மட்டும் தனியா சில நாள் கொடுத்து ஆணையம் சமாளிச்சுது. டிசம்பர் 26 மட்டும் இன்னும் கல்லுக்கே.

நம்ம பக்கத்து சீட்டுக்காரர் மாத்திரை ஆள் இல்லை. அளந்து கொட்டி, துணி சுத்தி, இடிச்சு இறக்குற ஜாதி. ஒரு வருஷம் லீவு முடிஞ்சு வந்தவர்கிட்ட மான் கிடைச்சுதான்னு கேட்டேன். நாலு மணி நேரம் பனியில் அசையாம உட்கார்ந்திருந்தாராம். பெரிய பெட்டை ஒண்ணு முப்பது கஜத்துக்குள்ள வந்துச்சாம். விசையை இழுத்தார், கிண்ணம் பத்திச்சு, துளை அடைச்சிருந்திருக்கு. புஸ். மான் தலையைத் தூக்கி அந்தப் புகையை ஒரு நிமிஷம் பார்த்துட்டு, ஓடக் கூட இல்லையாம், நடந்து போச்சாம்.

இதைச் சொல்றப்போ அவர் முகத்தில் இருந்த சந்தோஷத்தை நீங்க பார்த்திருக்கணும். சொல்லி முடிச்ச கையோட லீவு காலண்டரைத் திறந்து, அடுத்த டிசம்பர் 26-ல தன் பேரைப் போட்டுட்டார். அப்போ மாசம் ஜனவரி :-)